வழக்கை வாபஸ் வாங்கி வேறு மன்றத்துக்குப் போவது எப்படி? அனுமதி, நாள் கணக்கு, உத்தரவின் வாசகம்

"இதற்குத் தீர்ப்பாயம் இருக்கிறதே, இங்கே ஏன் வந்தீர்கள்?" என்று நீதிபதி கேட்கிறார். வழக்கறிஞர் எழுந்து, "வாபஸ் பெற்றுக்கொள்கிறோம்" என்கிறார். அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிடுகிறார்கள். மொத்தமும் அரை நிமிடம். அந்த அரை நிமிடத்தில் உத்தரவில் என்ன எழுதப்பட்டது என்பதை மனுதாரர் பெரும்பாலும் பல மாதங்கள் கழித்துத்தான் படிக்கிறார். அதற்குள் எதிர்த்தரப்பு அதைப் படித்துத் தயாராக இருக்கும்.

வாபஸ் வாங்குவது எளிது. வாபஸ் வாங்கிய பிறகும் உரிமை கையில் இருக்கும்படி வாங்குவதுதான் வேலை. அதற்கான வரிசை இது: போக வேண்டிய மன்றத்தை முதலில் உறுதி செய்யுங்கள், அங்கே போட வேண்டிய மனுவை எழுதி முடியுங்கள், நாள் கணக்கைத் தாளில் போட்டுப் பாருங்கள். வாபஸ் மனு அதற்குப் பிறகுதான். நடைமுறையில் பலர் இதைத் தலைகீழாகச் செய்கிறார்கள்.

இங்கே சொல்வது இந்திய நீதிமன்றங்களுக்கான நடைமுறை. எடுத்துக்காட்டுகள் தமிழ்நாட்டில் அடிக்கடி வரும் வழக்கு வகைகள்.

வாபஸ் தேவைதானா?

இதைக் கேட்காமல் அடுத்த படிக்குப் போக வேண்டாம். வாபஸ் இல்லாமலே இடம் மாற மூன்று வழிகள் உண்டு.

முதலாவது, பிராதை, அதாவது வாதி தாக்கல் செய்த வழக்குரையைத் திருப்பிப் பெறுவது. சிவில் நடைமுறைச் சட்டம் கட்டளை 7 விதி 10. இட வரம்போ பண வரம்போ (வழக்கை விசாரிக்கும் அதிகார எல்லை) தவறிய நீதிமன்றத்தில் வழக்குப் போட்டிருந்தால், பிராதைத் திருப்பித் தரச் சொல்லிச் சரியான நீதிமன்றத்தில் தாக்கல் செய்யலாம். விதி 10ஏ-யின் கீழ், எந்த நீதிமன்றத்துக்குப் போகிறீர்கள் என்று சொல்லி, அங்கே ஆஜராக வேண்டிய நாளையும் இங்கேயே குறிக்கச் சொல்லலாம். எதிர்வாதிக்கு மறுபடி சம்மன் அனுப்பும் அலைச்சல் மிச்சம். ஏற்கெனவே கட்டிய நீதிமன்றக் கட்டணத்துக்கு வரவு கேட்கலாம். ஆனால் புதிய நீதிமன்றத்தில் விசாரணை முதலிலிருந்துதான் தொடங்கும். உச்ச நீதிமன்றம் இதை ஈ.எக்ஸ்.எல். கேரியர்ஸ் வழக்கில் (2020) தெளிவாக்கிவிட்டது. இன்னொன்று, இந்த விதி ஒரு நீதிமன்றத்திலிருந்து இன்னொரு நீதிமன்றத்துக்குப் போகத்தான் உதவும். போக வேண்டிய இடம் கடன் வசூல் தீர்ப்பாயம், மேல்முறையீட்டு அதிகாரி, கோட்டாட்சியர் என்றால் இந்தக் கதவு திறக்காது.

இரண்டாவது, சிவில் நடைமுறைச் சட்டம் பிரிவு 24-இன் கீழ் மாற்றக் கோருவது. உயர் நீதிமன்றமோ மாவட்ட நீதிமன்றமோ வழக்கை ஒரு கீழ் நீதிமன்றத்திலிருந்து இன்னொன்றுக்கு மாற்றலாம். வரம்பே இல்லாத நீதிமன்றத்தில் இருக்கும் வழக்கையும் மாற்ற முடியும் என்று 24(5) சொல்கிறது. பலர் இந்த உட்பிரிவை மறந்துவிடுகிறார்கள்.

மூன்றாவது, தகராறை நடுவரே தீர்க்க வேண்டும் என்ற நடுவர் ஷரத்து ஒப்பந்தத்தில் இருந்தால், நடுவர் சட்டம் பிரிவு 8. எதிர்வாதி உரிய நேரத்தில் கேட்டால் நீதிமன்றமே தரப்பினரை நடுவரிடம் அனுப்பும். அப்படி ஒரு மனு ஏற்கெனவே நிலுவையில் இருந்தால், அவசரப்பட்டு வாபஸ் வாங்குவதைவிட அந்த உத்தரவை வாங்கிக்கொள்வது நல்லது. எதிர்த்தரப்பே நடுவர் ஷரத்து உண்டு என்று ஒப்புக்கொண்டது பதிவில் இருக்கும்.

இந்த மூன்றும் பொருந்தவில்லை என்றால்தான் வாபஸ்.

அனுமதியோடு, அனுமதி இல்லாமல்

சிவில் வழக்கில் எல்லாம் கட்டளை 23 விதி 1-ஐச் சுற்றியே நடக்கிறது. உட்பிரிவு (1): வாதி எப்போது வேண்டுமானாலும் வழக்கைக் கைவிடலாம், யாரையும் கேட்க வேண்டாம். உட்பிரிவு (4): அனுமதியில்லாமல் அப்படிக் கைவிட்டால், அதே பொருளின் பேரில் மறுபடி வழக்குப் போட முடியாது, செலவுத்தொகையும் தலையில் விழலாம். உட்பிரிவு (3): நீதிமன்றத்தின் அனுமதியோடு, புதிதாக வழக்குப் போடும் உரிமையைக் கையில் வைத்துக்கொண்டு விலகலாம். வழக்கறிஞர்கள் பேச்சில் இதுதான் "லிபர்ட்டி".

அந்த அனுமதிக்கு இரண்டில் ஒரு காரணம் வேண்டும். முறை சார்ந்த குறைபாட்டால் வழக்கு தோற்றே தீரும் என்பது ஒன்று. புதிய வழக்கை அனுமதிக்கப் போதுமான வேறு காரணம் உண்டு என்பது மற்றொன்று. முறை சார்ந்த குறைபாடு எது? தமிழ்நாட்டிலிருந்து போன வி. ராஜேந்திரன் எதிர் அண்ணாசாமி பாண்டியன் வழக்கில் (2017) உச்ச நீதிமன்றம் தந்த பட்டியல் கையில் வைத்துக்கொள்ளத் தக்கது: அரசு மீது வழக்குப் போடும் முன் தர வேண்டிய பிரிவு 80 அறிவிப்பு கொடுக்காதது, வழக்கைத் தவறாக மதிப்பிட்டது, நீதிமன்றக் கட்டணம் குறைவாகக் கட்டியது, வழக்குச் சொத்தை அடையாளம் காண்பதில் குழப்பம், தரப்பினரைத் தவறாகச் சேர்த்தது போன்றவை.

சாட்சியம் பலவீனமாகிவிட்டது, குறுக்கு விசாரணையில் வாதி தடுமாறிவிட்டார், ஒரு முக்கிய ஆவணத்தைப் போடத் தவறிவிட்டோம் என்பதெல்லாம் இந்தப் பட்டியலில் வராது. அப்படிப்பட்ட மனுவை எதிர்த்தரப்பு வழக்கறிஞர் முதல் வாசிப்பிலேயே கண்டுபிடித்துவிடுவார். வரம்பு, மாற்று மன்றம் என்று உண்மையான காரணம் இருப்பவர்கள்கூட, விசாரணை முடியும் தறுவாயில் மனுப் போட்டால் இதே சந்தேகத்துக்கு ஆளாவார்கள். தவறு தெரிந்த அன்றே மனுப் போடுவதற்கு இதைவிடப் பெரிய காரணம் வேண்டாம்.

ரிட் மனுவில் என்ன வித்தியாசம்

அரசின் நடவடிக்கையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் நேராகப் போடும் மனுதான் ரிட். அரசியல் சட்டப் பிரிவு 226-இன் கீழான அந்த ரிட்டுக்குக் கட்டளை 23 நேரடியாகப் பொருந்தாது. சிவில் நடைமுறைச் சட்டம் பிரிவு 141-இன் விளக்கமே ரிட் நடவடிக்கைகளை விலக்கிவைக்கிறது. ஆனால் அதன் அடிப்படை பொருந்தும் என்று சர்குஜா டிரான்ஸ்போர்ட் சர்வீஸ் வழக்கில் (1987) உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அனுமதி பெறாமல் ரிட்டை வாபஸ் வாங்கினால், அதே காரணத்துக்காக மறுபடி 226-இன் கீழ் வர முடியாது. நீதிபதி பார்த்து நீதிமன்றம் தேடும் பழக்கத்தைத் தடுக்கவே இந்தப் பொதுநல விதி. இது உச்ச நீதிமன்றத்தில் போடும் சிறப்பு அனுமதி மனுவுக்கும் பொருந்தும் என்று உபாத்யாய் அண்ட் கோ வழக்கில் (1999) நீட்டப்பட்டது.

அதே சர்குஜா தீர்ப்பு, சிவில் வழக்கு போன்ற வேறு பரிகாரங்களை இது மூடாது என்றும், தனிமனித சுதந்திரம் சார்ந்த ஆட்கொணர்வு மனுக்களுக்கு இது பொருந்தாது என்றும் சொல்கிறது. ஆகவே வெறுமனே "வாபஸ் பெறப்பட்டதாகத் தள்ளுபடி" என்று உத்தரவு வந்தாலும், தீர்ப்பாயத்துக்குப் போகும் வழி முற்றிலும் அடைபட்டுவிட்டது என்று அர்த்தமில்லை. ஆனால் அதை நிரூபிக்க நீங்கள் இரண்டு வாய்தா வாதாட வேண்டியிருக்கும். உத்தரவில் ஒரு வரி கேட்டு வாங்கியிருந்தால் அந்த வாதமே வந்திருக்காது. தீர்ப்பாயம் "எனக்கும் வரம்பில்லை" என்று அனுப்பிவிட்டால் உயர் நீதிமன்றத்துக்குத் திரும்பி வரவும் அந்த வரி தேவைப்படும்.

எங்கே போகிறீர்கள்?

மன்றத்தின் பெயர், சட்டப் பிரிவு, கெடு, முன்கூட்டிக் கட்ட வேண்டிய தொகை. இந்த நான்கையும் எழுதிவைக்காமல் வாபஸ் மனுவைத் தொட வேண்டாம். அடிக்கடி வருபவை இவை.

வங்கி சொத்தைச் சுவாதீனம் எடுக்கும் நடவடிக்கை என்றால், சர்ஃபேசி சட்டம் பிரிவு 17-இன் கீழ்க் கடன் வசூல் தீர்ப்பாயம். நடவடிக்கை எடுத்த நாளிலிருந்து 45 நாள். சென்னை, கோவை, மதுரையில் தீர்ப்பாயங்கள் உள்ளன. இந்த விவகாரங்களில் ரிட்டை ஊக்குவிக்கக் கூடாது என்று சத்யவதி டாண்டன் வழக்கில் (2010) உச்ச நீதிமன்றம் கடுமையாகவே சொன்னது. சிவில் நீதிமன்றத்தின் வரம்பையோ அதே சட்டத்தின் பிரிவு 34 தடுக்கிறது.

ஜி.எஸ்.டி. மதிப்பீட்டு உத்தரவு என்றால் பிரிவு 107 மேல்முறையீடு. மூன்று மாதம், தாமதத்தை மன்னிக்க அதற்கு மேல் ஒரே ஒரு மாதம். தகராறில் உள்ள வரியில் 10 சதவீதத்தை முன்வைப்பாக, அதாவது முன்கூட்டியே கட்ட வேண்டும். இங்கே கெடு இரும்புச் சுவர். கெடுவெல்லாம் முடிந்த பிறகு ரிட் போட்டுக் குறுக்கு வழி தேடுவதை கிளாக்ஸோ ஸ்மித்க்லைன் வழக்கு (2020) ஏற்கவில்லை. எனவே உங்கள் ரிட் எந்தத் தேதியில் தாக்கலானது என்பதை முதலில் பாருங்கள். கெடுவுக்குள் தாக்கலான ரிட்டை வாபஸ் வாங்கும்போது, குறிப்பிட்ட நாட்களுக்குள் மேல்முறையீடு செய்தால் காலதாமதத்தைக் காரணம் காட்டாமல் ஏற்க வேண்டும் என்ற வாசகத்தைக் கேட்க உங்களுக்கு முகம் உண்டு. கெடு தாண்டிப் போட்ட ரிட்டில் அந்த முகம் இல்லை.

அடுக்குமாடி வாங்கியவர்களுக்கு நிலைமை கொஞ்சம் இலகு. ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறைச் சட்டம் (ரெரா) பிரிவு 71(1)-இன் வரம்புரை (அதோடு சேர்ந்த விதிவிலக்கு வாசகம்), அந்தச் சட்டம் வந்தபோது நுகர்வோர் மன்றத்தில் நிலுவையில் இருந்த புகாரை அந்த மன்றத்தின் அனுமதியோடு வாபஸ் பெற்றுத் தீர்ப்பளிக்கும் அதிகாரியிடம் போக வெளிப்படையாகவே வழி செய்தது. அதற்குப் பின் வந்த புகார்களில், இரண்டு மன்றங்களும் சமமான மாற்று வழிகள் என்று இம்பீரியா ஸ்ட்ரக்சர்ஸ் வழக்கு (2020) நிலைநாட்டியது. ஆகவே "ரெரா வந்துவிட்டது, நுகர்வோர் ஆணையம் செல்லாது" என்று கட்டுமான நிறுவனம் சொன்னால் பயந்து வாபஸ் வாங்க வேண்டாம். வேகமாகத் தீர்வு வரும் என்று நீங்களே கணக்குப் போட்டால் மட்டும் மாறுங்கள்.

பட்டா விவகாரத்தில் வட்டாட்சியர் உத்தரவை எதிர்த்து நேராக ரிட் போடுவது வழக்கமாகிவிட்டது. தமிழ்நாடு பட்டாப் புத்தகச் சட்டம் 1983, பிரிவு 12-இல் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடும் 13-இல் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வும் வைத்திருக்கிறது. பெயர்ப் பதிவில் பிழை என்றால் அந்தப் பாதை. யாருக்குச் சொத்து என்பதே தகராறு என்றால், பிரிவு 14-இன் வரம்புரை காட்டும் விளம்புகைப் பரிகார வழக்கு (உரிமை யாருடையது என்று அறிவிக்கக் கோருவது), சிவில் நீதிமன்றத்தில். இரண்டையும் குழப்பிக்கொண்டு கோட்டாட்சியரிடம் போய் உரிமை மூலம் பேசினால், அவரும் "சிவில் கோர்ட்டுக்குப் போங்கள்" என்பார். ஒரு வருஷம் போயிருக்கும்.

மத்திய அரசு ஊழியரின் பணி விவகாரம் என்றால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம்தான் முதல் மன்றம் (எல். சந்திரகுமார், 1997). அதன் சட்டத்தில் பிரிவு 21 பொதுவாக ஓராண்டுக் கெடு வைக்கிறது.

நாள் கணக்கு

பெரும்பாலான உரிமைகள் இங்கேதான் சாகின்றன. கட்டளை 23 விதி 2 ஒரு கொடூரமான வாக்கியம்: அனுமதியோடு போடும் புதிய வழக்குக்கும், முதல் வழக்கே போடப்படாதது போலத்தான் காலவரையறை ஓடும். அதாவது நீதிமன்றம் தரும் லிபர்ட்டி காலத்தை நீட்டாது.

அதற்கு ஒரே விலக்கு காலவரையறைச் சட்டம் பிரிவு 14. வரம்பில்லாத நீதிமன்றத்தில் நல்லெண்ணத்தோடும் உரிய அக்கறையோடும் செலவழித்த காலத்தைக் கழித்துக்கொள்ளலாம். 14(3) இன்னும் நேராகவே சொல்கிறது: விதி 2 என்ன சொன்னாலும், வரம்புக் குறைபாட்டாலோ அது போன்ற காரணத்தாலோ வழக்கு தோற்றே தீரும் என்ற அடிப்படையில் அனுமதி தரப்பட்டிருந்தால் இந்தக் கழிவு கிடைக்கும். கவனியுங்கள், அனுமதி கிடைத்தால் போதாது. எந்த அடிப்படையில் கிடைத்தது என்பது முக்கியம். உத்தரவில் காரணம் இல்லாவிட்டால் 14(3)-ஐத் தொங்கவிட ஆணி இல்லை.

ஒரு கணக்கு. சரக்கு விற்ற பாக்கி 8 லட்சம் ரூபாய், 2022 ஜூலை 1 அன்று தர வேண்டியது. மூன்றாண்டுக் கெடு 2025 ஜூலை 1-இல் முடிகிறது. வியாபாரி 2025 மார்ச் 3-இல் சாதாரண சிவில் நீதிமன்றத்தில் வழக்குப் போடுகிறார். இது வணிகத் தகராறு, மதிப்பு 3 லட்சத்துக்கு மேல், ஆகவே வணிக நீதிமன்றத்துக்குப் போக வேண்டியது. போதாக்குறைக்கு, வணிக நீதிமன்றச் சட்டம் பிரிவு 12ஏ-யின் படி வழக்குக்கு முன் சமரசத்துக்கும் போகவில்லை. அவசர இடைக்காலப் பரிகாரம் கோராத வழக்கில் அந்தச் சமரசம் கட்டாயம் என்று பாட்டீல் ஆட்டோமேஷன் தீர்ப்பு (2022) சொன்னது. 2022 ஆகஸ்ட் 20-இலிருந்து சமரசமில்லாத பிராது நிராகரிக்கப்படும். எனவே பிராதைத் திருப்பிப் பெற்று அப்படியே கொண்டுபோனால் அங்கே அடிவாங்கும். இங்கே வாபஸ்தான் சரி.

2025 நவம்பர் 10-இல் அனுமதியோடு வாபஸ் உத்தரவு வருகிறது. பிரிவு 14-இன் விளக்கப்படி, முதல் வழக்கு தொடங்கிய நாளும் முடிந்த நாளும் இரண்டுமே எண்ணிக்கையில் சேரும். மார்ச் 3 முதல் நவம்பர் 10 வரை 253 நாள். 2025 ஜூலை 1-உடன் 253 நாளைக் கூட்டினால் 2026 மார்ச் 11. சமரசத்தில் செலவாகும் காலத்தை 12ஏ தனியாகக் கழிக்கிறது. உத்தரவில் "வரம்பின்மை காரணமாக" என்ற சொற்கள் இல்லையென்றால்? எதிர்த்தரப்பு விதி 2-ஐக் காட்டும். கெடு 2025 ஜூலை 1 அன்றே முடிந்துவிட்டது என்று வாதிடும். ஒரே வழக்கு, ஒரே தேதிகள், எட்டு மாத வித்தியாசம், அந்த ஒரு சொற்றொடரால்.

உத்தரவு வந்த நாளுக்கும் புதிய மனு போடும் நாளுக்கும் இடைப்பட்ட காலம் கழிவில் வராது. "லிபர்ட்டி இருக்கிறதே" என்று ஆறு மாதம் உட்கார்ந்துவிட்டு வருபவர்கள் இதை மறந்தவர்கள். நல்லெண்ணம் என்பதற்குச் சட்டத்தின் பொருள் உரிய கவனத்தோடும் அக்கறையோடும் செய்தது. எதிர்வாதி முதல் பதிலுரையிலேயே வரம்பு ஆட்சேபம் எழுப்பியும் மூன்று வருஷம் இழுத்தவருக்கு அதைக் காட்டுவது கஷ்டம்.

தீர்ப்பாயங்களிலும் மேல்முறையீட்டு அதிகாரிகளிடமும் காலவரையறைச் சட்டம் அப்படியே பொருந்தாது. ஆனால் பிரிவு 14-இன் கோட்பாடு பொருந்தும் என்று எம்.பி. ஸ்டீல் வழக்கில் (2015) உச்ச நீதிமன்றம் சொன்னது. நுகர்வோர் மன்றத்திலிருந்து சிவில் நீதிமன்றத்துக்குப் போவோருக்கு லட்சுமி இன்ஜினியரிங் எதிர் பி.எஸ்.ஜி. இண்டஸ்ட்ரியல் இன்ஸ்டிடியூட் வழக்கு (1995) உதவும். தொழில் நோக்கத்துக்கு வாங்கிய இயந்திரம் என்பதால் அங்கே வாங்கியவர் நுகர்வோர் அல்ல என்று முடிவானது. ஆனாலும் சிவில் வழக்குப் போட்டால் பிரிவு 14-ஐக் கோரலாம் என்று உச்ச நீதிமன்றமே வழிகாட்டியது.

இடைக்காலத் தடை இருந்தால்

வாபஸ் வாங்கிய நொடியில் தடையாணையும் போய்விடும். ஏலத் தேதி, இடிப்பு நோட்டீஸ், சுவாதீனம் எடுக்கும் நாள் எதுவாக இருந்தாலும் மறுநாளே நடக்கலாம். "மாற்று மன்றத்தை அணுகும் வரை இரண்டு வாரம் தற்போதைய நிலை தொடர வேண்டும்" என்று உயர் நீதிமன்றத்தில் கேட்பது வழக்கம், சில சமயம் கிடைக்கும். ஆனால் அதை நம்பித் திட்டம் போடாதீர்கள். பின்னால் போடப்போகும் வழக்குக்குத் துணையாக இடைக்கால நிவாரணம் தருவதற்கு மட்டும் 226-ஐப் பயன்படுத்த முடியாது என்று மதன் கோபால் ருங்டா வழக்கில் (1951) உச்ச நீதிமன்றம் சொன்னது எதிர்த்தரப்பு வழக்கறிஞரின் நாக்கு நுனியில் இருக்கும்.

எனவே புதிய மன்றத்துக்கான மனு, அதோடு சேர்ந்த தடை மனு, ஆவணத் தொகுப்பு, கட்டணம் எல்லாம் தயாராக இருக்கும் நாளில் வாபஸ் கேளுங்கள். காலையில் உத்தரவு, மாலைக்குள் தாக்கல் என்பது நடக்கக்கூடிய காரியம்தான். கெடு அன்றோ மறுநாளோ முடிகிறது என்றால், பழைய வழக்கு நிலுவையில் இருப்பதை வெளிப்படையாகச் சொல்லிப் புதிய மன்றத்தில் தாக்கல் செய்துவிட்டு, அதே நாளில் வாபஸ் மனுவையும் போடுவதே குறைந்த ஆபத்து. மறைத்துச் செய்தால் இரண்டும் போகும்.

மனு எழுதுவது

சிவில் வழக்கில் இடைக்கால மனுவும் வாதியின் பிரமாணப் பத்திரமும் வேண்டும். கட்டளை 23 விதி 1(3), பிரிவு 151 என்று குறிப்பிடுங்கள். பிரமாணப் பத்திரத்தின் நடுப்பகுதி இந்தப் போக்கில் இருக்கலாம்:

"இவ்வழக்கின் பொருள் வணிக நீதிமன்றச் சட்டத்தின்படி வணிகத் தகராறு என்பதும், அதனால் இந்நீதிமன்றத்துக்கு வரம்பில்லை என்பதும் எதிர்வாதியின் பதிலுரையைப் படித்த பின்னரே எனக்குத் தெரியவந்தது. நான் நல்லெண்ணத்தோடும் உரிய அக்கறையோடும் இவ்வழக்கை நடத்தி வந்தேன். வரம்பின்மை என்ற குறைபாட்டால் இவ்வழக்கு தோற்றே தீரும். எனவே இதே வழக்குமூலத்தின் பேரில் தகுதியுள்ள மன்றத்தில் புதிதாக வழக்கோ மனுவோ தாக்கல் செய்யும் உரிமையை எனக்கு அளித்தும், காலவரையறைச் சட்டம் பிரிவு 14-இன் பயனைக் கோரும் உரிமையைத் திறந்து வைத்தும், வழக்கைத் திரும்பப் பெற அனுமதிக்க வேண்டுகிறேன்."

பதிலுரை இன்னும் வரவில்லையென்றால் அந்த வரியை மாற்றுங்கள். உண்மையில் எப்போது, எதனால் தெரியவந்ததோ அதை எழுதுங்கள். வழக்கின் நியாயம் பற்றிய முடிவு எதுவும் உத்தரவில் எழுதாமல், எல்லா வாதங்களும் திறந்திருக்க வேண்டும் என்றும் கோரலாம். தவறை ஒப்புக்கொள்ளும் வேகத்தில் "எனக்கு உரிமையில்லை", "தொகை பற்றிக் குழப்பம் உள்ளது" போன்ற வாக்கியங்களை எழுதிவிடாதீர்கள். அவை அடுத்த மன்றத்தில் உங்களுக்கு எதிரான சான்றாவணமாக வரும்.

பல வாதிகள் இருந்தால் ஒருவர் மட்டும் மற்றவர்களின் சம்மதமின்றி விலக அனுமதி கிடையாது, விதி 1(5). மைனர் வாதி என்றால் நீதிமன்றத்தின் அனுமதி தனியாக வேண்டும், பாதுகாவலரின் பிரமாணப் பத்திரமும் வேண்டும். வழக்கறிஞர் ஆஜரானால், இது மைனரின் நலனுக்கே என்று அவர் தரும் சான்றும் சேர வேண்டும்.

எதிர்த்தரப்பு ஆஜராகியிருந்தால் நகல் கொடுங்கள். அவர்கள் செலவுத்தொகை கேட்பார்கள். நியாயமான தொகைக்கு ஒப்புக்கொள்வது நல்லது. அதைப் பெற்றுக்கொண்டு எதிர்க்காமல் இருந்தால் மனு ஒரே வாய்தாவில் முடிந்துவிடும். செலவுத்தொகை கட்டுவது புதிய வழக்குக்கு முன்நிபந்தனை என்று உத்தரவு சொன்னால், கட்டிய ரசீதையும் மெமோவையும் பதிவில் ஏற்றிய பிறகே புதிய வழக்கைத் தாக்கல் செய்யுங்கள்.

வழக்குக் கட்டின் மீது எழுதப்படும் அந்த ஒரு வரி

உயர் நீதிமன்றத்திலும் பல கீழ் நீதிமன்றங்களிலும் வாபஸ் என்பது பெரும்பாலும் வழக்குக் கட்டின் மீது எழுதும் குறிப்பு, அதாவது எண்டார்ஸ்மென்ட். "நாட் பிரஸ்ட்" என்று எழுதி வழக்கறிஞர் கையெழுத்திடுவார். இந்த எண்டார்ஸ்மென்ட்தான் ஆபத்து. "வலியுறுத்தவில்லை" என்று மட்டும் எழுதினால் உத்தரவும் "வலியுறுத்தப்படாததால் தள்ளுபடி" என்றே வரும். லிபர்ட்டி பற்றி ஒரு சொல் இருக்காது. எண்டார்ஸ்மென்டிலேயே முழுதாக எழுதச் சொல்லுங்கள்: எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவின் கீழ், எந்த மன்றத்தை அணுக, உரிமையுடன் திரும்பப் பெறப்படுகிறது. கட்சிக்காரரும் அதில் கையெழுத்திட்டால் பின்னால் "எனக்குத் தெரியாது" என்ற பேச்சு எழாது.

லிபர்ட்டி மறுக்கப்படும் என்று தெரிந்தால் வாபஸ் கேட்பதையே நிறுத்திவிடுங்கள். அனுமதியோடு கூடிய வாபஸ் மனுவை முழுதாக ஏற்க வேண்டும் அல்லது முழுதாக மறுக்க வேண்டும், வாபஸை மட்டும் எடுத்துக்கொண்டு அனுமதியை வெட்டிவிடக் கூடாது என்று பல உயர் நீதிமன்றங்கள் சொல்லியிருக்கின்றன. "அனுமதி இல்லையென்றால் வழக்கை நடத்துகிறோம்" என்று வாய்திறந்து சொல்வது வழக்கறிஞரின் வேலை.

உத்தரவு இணையத்தில் ஏறியவுடன் படியுங்கள். மூன்றைத் தேடுங்கள்: "உரிமையுடன்" என்ற சொல், மன்றத்தின் பெயர், காரணம். ஒன்று விடுபட்டிருந்தாலும் அதே வாரத்தில் வழக்கை "ஃபார் பீயிங் மென்ஷன்ட்" என்று பட்டியலில் ஏற்றித் திருத்தம் கேளுங்கள். நீதிபதிக்கு நினைவிருக்கும்போது இது இரண்டு நிமிட வேலை. அவர் அமர்வு மாறிய பிறகு சீராய்வு மனு, கால தாமத மன்னிப்பு என்று நீளும். இணைய நகல் மனு எழுதப் போதும். தாக்கலுக்குச் சான்றிட்ட நகல் வேண்டும், நகல் மனுவை அன்றே போடுங்கள்.

"சட்டப்படி அணுகலாம்" என்று மட்டும் வரும் உத்தரவு எதையும் கூடுதலாகத் தராது. இல்லாத வரம்பை அது உண்டாக்காது, செத்த கெடுவை எழுப்பாது. அதனால்தான் நாள் கணக்கை முன்னமே போட வேண்டும்.

பணமும் காகிதமும்

அசல் பத்திரங்கள் நீதிமன்றத்தில் இருந்தால் கட்டளை 13 விதி 9-இன் கீழ்த் திரும்பக் கேளுங்கள், சான்றிட்ட நகலை வைத்துவிட்டு எடுக்கலாம். நீதிமன்ற உத்தரவுப்படி ஏதேனும் தொகை செலுத்தியிருந்தால், அது திரும்ப வருமா, புதிய மன்றத்தில் முன்வைப்பாக வரவு வைக்கப்படுமா என்பதை வாபஸ் உத்தரவிலேயே எழுதச் சொல்லுங்கள். ஜி.எஸ்.டி. வழக்குகளில் இது நேரடியாகப் பணம். நீதிமன்றக் கட்டணம் முழுதாகத் திரும்புவது, தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டம் பிரிவு 69ஏ-யின் கீழ், வழக்கு சமரசத்தில் தீர்ந்தால். தரப்பினர் நீதிமன்றத்துக்கு வெளியே தாங்களே பேசி முடித்தாலும் அது உண்டு என்று எம்.சி. சுப்பிரமணியம் வழக்கில் (2021) உச்ச நீதிமன்றம் சொன்னது. வேறு மன்றத்துக்குப் போவதற்கான வாபஸுக்கு அந்தச் சலுகையை எதிர்பார்க்க வேண்டாம்.

மேல்முறையீட்டில் இருக்கும்போது

முதல் நீதிமன்றத்தில் தோற்று, மேல்முறையீட்டில் நின்றுகொண்டு வழக்கையே வாபஸ் கேட்பது வேறு விஷயம். எதிர்த்தரப்புக்கு ஏற்கெனவே தீர்ப்பால் ஓர் உரிமை கிடைத்துவிட்டது, அதை அழித்துவிட்டு மறுபடி தொடங்கக் கேட்கிறீர்கள். தமிழ்நாட்டிலிருந்து போன கே.எஸ். பூபதி எதிர் கோகிலா வழக்கில் (2000), இரண்டாம் மேல்முறையீட்டில் உயர் நீதிமன்றம் தந்த அப்படிப்பட்ட அனுமதியை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. மேல்முறையீட்டை மட்டும் வாபஸ் வாங்கினால் கீழ்த் தீர்ப்பு நிலைத்துவிடும். இரண்டும் ஒன்றல்ல, மனுவில் எதைக் கேட்கிறோம் என்று பெயர் சொல்லிக் கேளுங்கள்.

புதிய மன்றத்தில் முதல் பக்கம்

பழைய வழக்கின் எண், தாக்கல் தேதி, வாபஸ் உத்தரவின் தேதி, அதில் தரப்பட்ட உரிமை, இந்த நான்கும் புதிய மனுவின் தொடக்கத்திலேயே இருக்கட்டும். பிரிவு 14 கழிவுக் கணக்கைத் தனிப் பத்தியில் தேதிகளோடு காட்டுங்கள். கெடுவைத் தாண்டிய வழக்கு என்றால், எதன் அடிப்படையில் விலக்குக் கோருகிறோம் என்பதைப் பிராதிலேயே சொல்ல வேண்டும் என்று கட்டளை 7 விதி 6 கட்டாயப்படுத்துகிறது. இது விடுபட்டால், எதிர்வாதி கட்டளை 7 விதி 11-இன் கீழ்ப் பிராதை நிராகரிக்கச் சொல்லி முதல் வாய்தாவிலேயே மனுப் போடுவார். தாமத மன்னிப்புக்கு இடமுள்ள மன்றமாக இருந்தால், கழிவையும் கேட்டு, மாற்றாக மன்னிப்பையும் கேட்டு இரண்டு மனுவாகப் போடுங்கள்.

வாபஸ் அனுமதி மறுக்கப்பட்டால் அந்த உத்தரவுக்கு மேல்முறையீடு கிடையாது, கட்டளை 43-இன் பட்டியலில் அது இல்லை. உயர் நீதிமன்றத்தில் சிவில் சீராய்வு மனு (சி.ஆர்.பி.) போடலாம். அது நிலுவையில் இருக்கும்போது பழைய வழக்கு தள்ளுபடியாகிவிடாமல் ஒவ்வொரு வாய்தாவிலும் ஆஜராகிக்கொண்டே இருங்கள்.